போனுக்குக் குரலால் பூட்டுப் போட முடியுமா? ரீல்ஸ் சொல்வதும் செட்டிங்ஸ் சொல்வதும்

'உங்கள் குரலைக் கேட்டால் மட்டும் திறக்கும் போன்' என்ற ரீல்ஸ் வாட்ஸ்அப் குழுக்களில் ஓயாமல் சுற்றுகின்றன. இன்னொரு பக்கம், குரலுக்குப் பதில் சொல்லும் கூகுள் அசிஸ்டன்ட் இருந்த இடத்தில் பல போன்களில் கூகுளின் ஏஐ உதவியாளரான ஜெமினி வந்துவிட்டது. 2024 ஜூனில் இந்தியாவில் அறிமுகமான ஜெமினி ஆப் தமிழ் உட்பட 9 இந்திய மொழிகளில் பேசுகிறது. இதனால் நாகர்கோவிலிலும் மார்த்தாண்டத்திலும் போன் கடைக்கு வருகிறவர்களிடம் நேர் எதிரான இரண்டு கேள்விகள் இருக்கின்றன. குரலாலேயே பூட்டுப் போட்டுத் தர முடியுமா என்று சிலர் கேட்கிறார்கள். இது எந்நேரமும் ஒட்டுக்கேட்கிறதாமே, அணைத்துத் தாருங்கள் என்கிறார்கள் சிலர்.

போனுக்குக் கட்டளையிடக் குரலைத் தாராளமாகப் பயன்படுத்தலாம். போனைத் திறக்கும் அதிகாரத்தை மட்டும் குரலிடம் கொடுக்கக் கூடாது. இந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாடு பிடிபட, போன் நம் பேச்சை எப்படிக் கேட்கிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

போன் எப்படிக் கேட்கிறது?

'ஹே கூகுள்' அல்லது 'சிரி' என்று கூப்பிட்டதும் நடப்பவை மூன்று.

1. விழிப்புச் சொல்லைப் பிடிப்பது. மிகக் குறைந்த மின்சாரத்தில் ஓடும் ஒரு சிறு நிரல் மைக்கைக் கவனித்துக்கொண்டே இருக்கும். சில நொடிப் பேச்சை மட்டும் தற்காலிகமாக வைத்திருந்து, விழிப்புச் சொல் அதில் இல்லையென்றால் அழித்துவிடும். இந்த வேலை போனுக்குள்ளேயே முடிகிறது. டிவியில் யாரோ அதே மாதிரிச் சொன்னால் போன் தவறாக விழித்துக்கொள்வதும் இந்தக் கட்டத்தில்தான்.

2. யார் பேசுவது என்று பார்ப்பது. முதல்முறை அமைக்கும்போது சில வாக்கியங்களைச் சொல்லச் சொல்கிறதல்லவா? அதிலிருந்து உங்கள் குரலின் தன்மைகளை எண்களாக மாற்றிச் சேமித்துக்கொள்கிறது. கூகுளில் இதன் பெயர் வாய்ஸ் மேட்ச். பிறகு கேட்கும் ஒவ்வொரு குரலும் அந்த எண்களுக்கு எவ்வளவு நெருக்கம் என்று கணக்கிடுகிறது.

3. சொன்னதைப் புரிந்து செய்வது. பேச்சை எழுத்தாக்கி, அதன் நோக்கத்தைக் கண்டுபிடித்து, வேலையை முடிக்கிறது. இதில் பெரும்பகுதி நிறுவனத்தின் சர்வரில் நடக்கலாம். அங்கே பதிவாகும் உரையாடலை உங்கள் கணக்கின் ஆக்டிவிட்டி பக்கத்தில் பார்க்கலாம், அழிக்கலாம். ஜெமினியில் 18 மாதம் கழித்துத் தானாக அழியும்படி இருக்கும். அதை 3 மாதமாகக் குறைத்துக்கொள்ள முடியும்.

ஒட்டுக்கேட்கிறது என்று பயப்படுகிறவர்கள் மூன்றாவது படியைச் சரிசெய்தால் போதும். பூட்டுப் போட முடியுமா என்று கேட்கிறவர்களுக்குப் பதில் இரண்டாவது படியில் இருக்கிறது.

குரலை ஏன் சாவியாக்க முடியாது?

குரல் ஒப்பீடு 'ஆம்', 'இல்லை' என்று முடிவதில்லை. 'இவ்வளவு தூரம் ஒத்துப்போகிறது' என்றுதான் முடிகிறது. எல்லைக்கோட்டைக் கடுமையாக்கினால் சளி பிடித்த அன்று உங்களையே ஏற்காது. தளர்த்தினால் தம்பியின் குரலுக்கும் மகளின் குரலுக்கும் விழித்துக்கொள்ளும். ஃபேஸ் ஐடியில் முன்பின் தெரியாத ஒருவர் முகம் ஒத்துப்போகும் வாய்ப்பு 10 லட்சத்தில் ஒன்றுக்கும் குறைவு, டச் ஐடியில் ஒரு விரலுக்கு 50,000-இல் ஒன்று என்று ஆப்பிள் சொல்கிறது. வாய்ஸ் மேட்ச் விஷயத்திலோ, உங்களைப் போன்ற குரலோ, உங்கள் குரலின் பதிவோ செல்லுபடியாகக்கூடும் என்று கூகுளே எச்சரிக்கிறது.

குரல் பதிவு கிடைப்பதும் கடினமில்லை. நம் கன்னியாகுமரி மாவட்டத்தில் வளைகுடாவில் ஆள் இல்லாத தெருவைக் காண்பது அரிது. தினமும் வாய்ஸ் நோட் போகிறது, வருகிறது. மூன்று நொடிப் பேச்சு கிடைத்தால் அந்தக் குரலைப் போலவே பேசும் ஏஐ மாதிரியை மைக்ரோசாஃப்ட் ஆராய்ச்சியாளர்கள் 2023 ஜனவரியில் அறிமுகப்படுத்தினார்கள். பின் எண் திருடுபோனால் மாற்றிக்கொள்ளலாம். குரலை எதைக்கொண்டு மாற்றுவது?

குரலே இல்லாமலும் கட்டளை கொடுக்க முடியும் என்பது ஆய்வகங்களில் நிரூபணமாகியிருக்கிறது. மனிதக் காதுக்குக் கேட்காத மீயொலியில் கட்டளைகளை அனுப்பி போன்களை இயக்க வைத்தார்கள் சீனாவின் செஜியாங் பல்கலைக்கழகத்தார், ஆண்டு 2017. மைக் மீது லேசர் ஒளியைப் பாய்ச்சியே கட்டளை கொடுக்க முடியும் என்பதை 2019-இல் மிச்சிகன் பல்கலைக்கழகமும் ஜப்பானிய ஆய்வாளர்களும் சேர்ந்து காட்டினார்கள். தெருவில் போகிற திருடன் லேசர் தூக்கிக்கொண்டு அலைய மாட்டான். ஆனால் மைக் வழியாக வருவதைப் போன் எவ்வளவு எளிதாக நம்பிவிடுகிறது என்பதற்கு இவை சான்று.

ஒரு காலத்தில் ஆண்ட்ராய்டிலேயே 'ஓகே கூகுள்' சொல்லிப் பூட்டைத் திறக்கும் வசதி இருந்தது. 2019-இல் கூகுள் அதைப் படிப்படியாக நிறுத்தியது. இன்று உங்கள் குரல் ஒத்துப்போனாலும் பூட்டிய திரையிலேயே சில பதில்கள் கிடைக்கும், அவ்வளவுதான். பூட்டு அப்படியே இருக்கும்.

இதைவிட ஆழமான காரணம் ஒன்று உண்டு. போனில் உள்ள தகவல்கள் குறியாக்கம் செய்யப்பட்டிருக்கின்றன, அதாவது சாவி இல்லாமல் படிக்க முடியாத வடிவில் இருக்கின்றன. அந்தக் குறியாக்கத்தைத் திறப்பதில் உங்கள் பின் எண்ணுக்குப் பங்கு இருக்கிறது. அதனால்தான் போனை அணைத்துப் போட்டால் முதல் தடவை கைரேகையோ முகமோ செல்லாது, பின் எண்தான் வேண்டும் என்று கேட்கிறது. மூன்று நாள் திறக்காமலே கிடந்தால் போன் தானாக ரீஸ்டார்ட் ஆகி இந்த நிலைக்குப் போகும் ஏற்பாட்டை ஆப்பிள் 2024-இலும் கூகுள் 2025-இலும் கொண்டுவந்ததும் இதே காரணத்தால்தான்.

ரீல்ஸ் காட்டும் இரண்டு வழிகள்

முதல் வழி ஐபோனுக்கானது. அக்சஸிபிலிட்டி பகுதியில் வாய்ஸ் கன்ட்ரோல் என்று ஒரு வசதி உண்டு. கையை அசைக்க முடியாதவர்கள் குரலால் திரையைத் தொடுவதற்காக ஆப்பிள் செய்த அருமையான வசதி அது. அதில் புதிய கட்டளை ஒன்றை உருவாக்கி, பாஸ்கோடு எண்கள் இருக்கும் இடங்களை வரிசையாகத் தொட்டுப் பதிவு செய்யச் சொல்கிறார்கள். பிறகு 'ஓப்பன்' என்றால் போன் தானே அந்த இடங்களைத் தொட்டுத் திறக்கிறது. பார்க்க வித்தைபோல இருக்கும். சிக்கல் என்னவென்றால், யார் பேசுகிறார்கள் என்று வாய்ஸ் கன்ட்ரோல் பார்ப்பதே இல்லை. அந்தச் சொல்லை யார் சொன்னாலும் திறக்கும். ஆறு இலக்க ரகசியத்தை ஒரே சொல்லாகச் சுருக்கி, அதையும் நாலு பேர் முன்னால் சத்தமாகச் சொல்கிறீர்கள். இதைச் செய்து வைத்திருப்பவர்கள் இன்றே அந்தக் கட்டளையை நீக்குங்கள்.

இரண்டாவது வழி, ஆண்ட்ராய்டில் 'வாய்ஸ் லாக்' ஆப்களை இறக்குவது. இவை போனின் உண்மையான பூட்டுக்கு மேலே ஒரு திரையைப் போர்த்துகின்றன. இரண்டு பூட்டையும் திறப்பது தொல்லை என்பதால், உண்மையான பூட்டை எடுத்துவிடச் சொல்லும் ஆப்களும் உண்டு. எடுத்தால் நடப்பது இது:

1. பதிவு செய்த கைரேகைகள் அழியும். போனின் பூட்டை நம்பியிருக்கும் பண ஆப்கள் பாதுகாப்பிழக்கும், சில திறக்கவே மறுக்கும்.
2. சேஃப் மோடில் ரீஸ்டார்ட் செய்தால் நாம் இறக்கிய ஆப் எதுவும் ஓடாது. போர்வை போய்விடும், அடியில் பூட்டும் இல்லை.
3. இப்படிப்பட்ட ஆப்கள் பிற ஆப்களுக்கு மேலே தோன்றும் அனுமதியையும் அக்சஸிபிலிட்டி அனுமதியையும் கேட்கக்கூடும். அக்சஸிபிலிட்டி அனுமதி பெற்ற ஆப்பால் திரையில் இருப்பதைப் படிக்க முடியும், உங்களுக்குப் பதிலாக பட்டனை அழுத்த முடியும். கல்யாண அழைப்பிதழ், போக்குவரத்து அபராதம் என்ற பெயரில் வாட்ஸ்அப்பில் வரும் திருட்டு ஏபிகே கோப்புகள் (ஆண்ட்ராய்டில் ஆப் நிறுவும் கோப்புகள்) குறிவைப்பதும் இதே மாதிரி அனுமதிகளைத்தான்.

ஆண்ட்ராய்டு 13 முதல், பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து இறக்கிய ஆப்புக்கு இந்த அனுமதியைக் கொடுக்கப் போனால் போன் தடுக்கும். அந்தத் தடையை எப்படி நீக்குவது என்று யாராவது சொல்லித்தந்தால், அங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள்.

ரேகை தேய்ந்த விரல்களுக்கு என்ன வழி?

குரல் பூட்டு மேல் ஆசை வருவதற்கு நம் ஊரில் நியாயமான காரணம் இருக்கிறது. அண்டி ஆபீஸில் முந்திரிக்கொட்டை உடைக்கும் பெண்களின் விரல் தோலை ஓட்டிலிருந்து வரும் எண்ணெய் அரித்துவிடுகிறது. குலசேகரம், பேச்சிப்பாறைப் பக்கம் ரப்பர் பால் எடுக்கிறவர்களின் விரலில் பால் காய்ந்து படலமாக ஒட்டிக்கொள்கிறது. குளச்சலிலும் சின்னமுட்டத்திலும் கடல் வேலை செய்பவர்களின் கை எப்போதும் ஈரம். ஈர விரலில் மேடு பள்ளம் எல்லாம் ஒன்றாகத் தெரிவதால் சென்சார் குழம்புகிறது. ரேஷன் கடையில் விரல் வைத்து வைத்துச் சலித்தவர்கள், போனிலும் இதே பாடா என்று பூட்டையே எடுத்துவிடுகிறார்கள். இருப்பதிலேயே மோசமான முடிவு அதுதான்.

குரலை நாடுவதற்கு முன் செய்து பார்க்க வேண்டியவை:

1. வேலை செய்யும் கையின் பெருவிரலையும் ஆள்காட்டி விரலையும் விட்டுவிடுங்கள். மற்றக் கையின் மோதிர விரலிலோ சுண்டுவிரலிலோ ரேகை பெரும்பாலும் அவ்வளவு தேய்ந்திருக்காது.
2. அதே விரலை இரண்டு தடவை, இரண்டு வேறு பெயரில் பதியுங்கள். ஒன்று வேலைக்குப் போகும் முன், கை காய்ந்திருக்கும்போது. மற்றொன்று வேலை முடிந்து கழுவித் துடைத்தபின். பதியும்போது விரலின் நுனியையும் ஓரங்களையும் காட்டுங்கள்.
3. திரைக்குள் சென்சார் உள்ள போன் என்றால் கனமான கண்ணாடி ஒட்டியை எடுத்துவிட்டுப் பாருங்கள். ஒட்டியை மாற்றினால் விரலையும் மறுபடி பதிய வேண்டும்.
4. இதுவும் சரிவரவில்லை என்றால் 6 இலக்கப் பின் எண். நான்கு இலக்கத்தில் 10,000 சேர்க்கைகள்தான். ஆறு இலக்கத்தில் 10 லட்சம். பிறந்த தேதியும் வண்டி நம்பரும் வேண்டாம்.

முகத்தால் திறப்பது பற்றி ஒரு சொல்: விலை குறைந்த பல ஆண்ட்ராய்டுகளில் அது முன் கேமரா எடுக்கும் சாதாரணப் படத்தை ஒப்பிடுவதுதான். அதைப் பின் எண்ணுக்குச் சமமாக நம்ப வேண்டாம்.

குரல் வேறொரு விதத்திலும் நம்மைக் கைவிடும். ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்றிலும், துறைமுக இன்ஜின் சத்தத்திலும், நிற்க இடமில்லாத பஸ்ஸிலும் மைக்குக்கு உங்கள் குரல் தெளிவாக எட்டாது. அவசரத்துக்கு உதவாத சாவியை நம்பிப் பூட்டுப் போடக் கூடாது.

பூட்டிய திரை எவ்வளவு பேசலாம்?

உண்மையான கசிவு பெரும்பாலும் இங்கேதான். போன் பூட்டியே இருக்கும். ஆனால் கேட்டால் பதில் சொல்லும். மெனுப் பெயர்கள் கம்பெனிக்குக் கம்பெனி கொஞ்சம் மாறும், பொருள் ஒன்றுதான்.

கூகுள் அசிஸ்டன்ட் உள்ள போன்: கூகுள் ஆப், உங்கள் படம், செட்டிங்ஸ், கூகுள் அசிஸ்டன்ட், லாக் ஸ்கிரீன். அதில் 'பெர்சனல் ரிசல்ட்ஸ்' என்பதை அணையுங்கள். இது இயக்கத்தில் இருந்தால் மின்னஞ்சல், காலண்டர், தொடர்பு எண்கள் சார்ந்த பதில்கள் பூட்டிய திரையிலேயே வரலாம்.

ஜெமினி உள்ள போன்: ஜெமினி ஆப், உங்கள் படம், செட்டிங்ஸ், லாக் ஸ்கிரீன் தொடர்பான பகுதி. திறக்காமலே ஜெமினியைப் பயன்படுத்துவதும், திறக்காமலே அழைப்பதும் செய்தி அனுப்புவதும் அங்கே தனித்தனி ஸ்விட்சுகளாக இருக்கும். முதலாவதை வைத்துக்கொண்டு இரண்டாவதை அணைப்பது பெரும்பாலானவர்களுக்குப் பொருந்தும். வண்டி ஓட்டும்போது குரலால் அழைக்கிறவர்கள் மட்டும் யோசித்து முடிவெடுக்கலாம்.

ஐபோன்: செட்டிங்ஸில் சிரி பகுதிக்குப் போனால் பூட்டியிருக்கும்போது சிரியை அனுமதிக்கும் ஸ்விட்ச் இருக்கும். அது இயக்கத்தில் இருந்தால் 'இது யாருடைய போன்' என்று ஆங்கிலத்தில் கேட்கிறவருக்கு உங்கள் தொடர்பு அட்டையைக் காட்டும். கண்டெடுத்த நல்ல மனிதர் திருப்பித் தர இது உதவும். ஆகவே அணைக்காமல் விடுவதானால், அந்த அட்டையில் வீட்டு முகவரியை எடுத்துவிட்டு, வீட்டில் இன்னொருவர் எண்ணை மட்டும் வையுங்கள்.

குரலை எவ்வளவு கட்டினாலும், ஓடிபி பூட்டிய திரையில் நோட்டிபிகேஷனாகப் பளிச்சென்று தெரிந்தால் பயனில்லை. நோட்டிபிகேஷன் செட்டிங்ஸில், பூட்டிய நிலையில் உள்ளடக்கத்தை மறைக்கும் தேர்வைப் போடுங்கள். திருடன் சிம்மைக் கழற்றி வேறு போனில் போட்டாலும் ஓடிபி வரும். அதைத் தடுப்பது சிம் பின், அதாவது சிம்முக்கே தனியாகப் போடும் பின் எண். சிம் கம்பெனியிடம் முதல் பின் எண்ணைக் கேட்டறிந்து பிறகு மாற்றுங்கள். ஊகித்து அடிக்காதீர்கள். மூன்று தவறு செய்தால் பியுகே என்ற திறப்பு எண்ணைக் கேட்கும், அதையும் பத்து தடவை தவறாக அடித்தால் சிம் செத்துப்போகும்.

பார்வையற்றவர்களுக்குத் திரையில் இருப்பதைப் படித்துச் சொல்லும் திரை வாசிப்பான்தான் போனே. அவர்களிடம் குரலை அணையுங்கள் என்று சொல்வது அநியாயம். ஒரு காதில் இயர்போன் போட்டுக்கொண்டால் பின் எண்ணும் ஓடிபியும் வெளியே கேட்காது. ஐபோனின் திரை வாசிப்பானான வாய்ஸ் ஓவரில் மூன்று விரலால் மூன்று முறை தட்டினால் திரை கறுப்பாகிவிடும், போன் வழக்கம்போல் வேலை செய்யும். பெரிதாக்கிக் காட்டும் ஜூம் வசதியும் இயக்கத்தில் இருந்தால் நான்கு முறை தட்ட வேண்டும்.

குரலைப் பயன்படுத்த வேண்டிய இடங்கள்

1. செட்டிங்ஸைத் திறக்க. மெனுவுக்குள் மெனுவாகத் தேட முடியாத பெரியவர்கள், 'செக்யூரிட்டி செட்டிங்ஸைத் திற', 'புளூடூத்தை அணை' என்று சொன்னால் போதும். ஊர்ப் பேச்சில் வேகமாகச் சொன்னால் சில சமயம் பிடிபடாது. நிறுத்தி, இரண்டு மூன்று சொல்லில் சொல்லுங்கள்.
2. ஐபோனில் ஷார்ட்கட்ஸ் ஆப்பில் 'லாக் ஸ்கிரீன்' செயலை வைத்து, உங்களுக்குப் பிடித்த பெயர் கொடுங்கள். சிரியிடம் அந்தப் பெயரைச் சொன்னால் திரை பூட்டிக்கொள்ளும். பூட்டுவதற்கான சொல் அடுத்தவர் காதில் விழுந்தாலும் கேடு இல்லை.
3. ஐஓஎஸ் 16 முதல் சிரியிடம் ரீஸ்டார்ட் செய்யச் சொல்லலாம். ரீஸ்டார்ட் ஆனால் பாஸ்கோடு மட்டுமே திறக்கும்.
4. வீட்டில் ஸ்மார்ட் ஸ்பீக்கர் இருந்தால், அதனிடம் 'என் போனைக் கண்டுபிடி' என்ற கட்டளை. சைலன்ட்டில் கிடக்கும் ஆண்ட்ராய்டும் சத்தம் போடும்.

பேச நேரமில்லாத கட்டங்களுக்கு விரலால் செய்யும் வழியும் தெரிந்திருக்க வேண்டும். ஆண்ட்ராய்டு 9 முதல் பவர் மெனுவில் 'லாக்டவுன்' உண்டு. சில போன்களில் செட்டிங்ஸில் போய் அதை இயக்க வேண்டும். அழுத்தினால் கைரேகை, முகம் எல்லாம் செயலிழந்து பின் எண் மட்டும் செல்லும். ஐபோனில் பக்கவாட்டு பட்டனையும் ஒரு வால்யூம் பட்டனையும் சேர்த்துப் பிடித்து, வரும் திரையை ரத்து செய்தால் அதே பலன்.

போன் கையை விட்டுப் போனால்

ஆண்ட்ராய்டு 10-உம் அதற்கு மேலும் உள்ள பல போன்களில், கூகுள் பகுதியில் 'தெஃப்ட் புரொடெக்ஷன்' இருக்கிறது. 2024 இறுதியிலிருந்து வந்த இந்த வசதி, யாரோ பறித்துக்கொண்டு ஓடுவதுபோன்ற அசைவை உணர்ந்தால் திரையைத் தானே பூட்டும். அதே இடத்தில் 'ரிமோட் லாக்' என்பதையும் இயக்கி வையுங்கள். கூகுள் பாஸ்வேர்டு நினைவில் இல்லாவிட்டாலும், வேறொருவர் போனில் ஆண்ட்ராய்டு தளத்தின் லாக் பக்கத்தைத் திறந்து உங்கள் எண்ணைக் கொடுத்துப் பூட்டலாம். ஐபோனில், பழக்கமில்லாத இடத்தில் முக்கிய மாற்றங்களுக்குப் பாஸ்கோடு மட்டும் போதாது என்று தடுக்கும் 'ஸ்டோலன் டிவைஸ் புரொடெக்ஷன்' 2024 ஜனவரியில் ஐஓஎஸ் 17.3-உடன் வந்தது.

நம் ஊருக்கே உரிய ஒரு சிக்கல்: துபாயிலிருந்து மகன் வாங்கி அனுப்பிய போனில் மகனின் கூகுள் கணக்கே இருக்கும். அப்படியானால் வாய்ஸ் மேட்ச்சில் பதிந்திருப்பதும் மகன் குரலாக இருக்கலாம். 2025 முதல் ஃபைண்ட் ஹப் என்று பெயர் மாறிய ஃபைண்ட் மை டிவைஸும் மகன் கையில். தக்கலை பஸ்ஸில் அம்மாவின் போன் தொலைந்தால் ஃபைண்ட் ஹப் வழியாக அதைத் தேடிப் பூட்டக்கூடியவர் அவர் ஒருவரே. அம்மா பெயரில் கணக்கு தொடங்கி அவர் குரலையே பதிந்து கொடுங்கள். கூகுள் தரும் 10 பேக்அப் குறியீடுகளைக் காகிதத்தில் எழுதி ரேஷன் கார்டோடு வையுங்கள். இல்லாவிட்டால், இன்னொரு போனில் உள்நுழையும்போது சரிபார்ப்புக் கேள்வி தொலைந்த போனுக்கே போகும்.

செய்யும் வரிசை:

1. ஃபைண்ட் ஹப் அல்லது ஆப்பிளின் ஃபைண்ட் மை மூலம் முதலில் பூட்டுங்கள். உடனே அழிக்காதீர்கள், அழித்தால் பல போன்களில் இருப்பிடம் தெரியாமல் போகலாம்.
2. சிம் கம்பெனியை அழைத்து சிம்மை முடக்குங்கள். வங்கியிலும் யுபிஐயிலும் சொல்லுங்கள். பணம் போயிருந்தால் தாமதிக்காமல் சைபர் மோசடி உதவி எண் 1930-ஐ அழையுங்கள்.
3. காவல் நிலையத்தில் புகார். அதன் நகல் வேண்டும்.
4. டூப்ளிகேட் சிம் வாங்கியதும் மத்திய அரசின் சஞ்சார் சாத்தி தளத்தில் ஐஎம்இஐ எண்ணை (போனின் அடையாள எண்) முடக்கக் கோருங்கள். 2023 மே முதல் நாடு முழுவதும் இருக்கும் வசதி இது. *#06# அடித்தால் எண் தெரியும். போன் கையில் இருக்கும்போதே எழுதி வைத்துக்கொள்ளுங்கள், பெட்டியிலும் பில்லிலும்கூட இருக்கும்.

ஐந்து நிமிடச் சோதனை

இவ்வளவும் செய்தபின் போனைப் பூட்டி, வீட்டில் இன்னொருவரிடம் கொடுங்கள். அவர் விழிப்புச் சொல்லைச் சொல்லி இவற்றைக் கேட்கட்டும்: கடைசி மெசேஜைப் படி, அம்மாவுக்கு வாட்ஸ்அப் அனுப்பு, இன்று எனக்கு என்ன வேலை, வைஃபையை அணை. பிறகு உங்கள் குரலைப் பதிவு செய்து அவர் போனிலிருந்து ஒலிக்க வைத்து மறுபடி பாருங்கள். எந்தக் கேள்விக்குத் திறக்காமலே பதில் வந்ததோ, அதற்குரிய ஸ்விட்ச் மேலே சொன்ன லாக் ஸ்கிரீன் பகுதியில் இன்னும் அணைக்கப்படாமல் இருக்கிறது. அசிஸ்டன்டிலிருந்து ஜெமினிக்கு மாறினாலோ, பெரிய அப்டேட் ஏறினாலோ இந்தச் சோதனையை மறுபடி செய்ய வேண்டும், ஏனென்றால் புதிய ஆப்புக்கு அதன் சொந்த ஸ்விட்சுகள் உண்டு. பழையதில் நீங்கள் அணைத்தது அதற்குத் தெரியாது.